தோமாசிக்குத் தலை சுத்தியது

1

இன்று ஜூலை மூன்று. தோமையார் திருநாள். காலமை மைதானத்துக்குக் கோடு போட்டுவிட்டு வந்து இதை எழுதுகிறேன்.

ஊர்க் கோவில் மலருக்கு வெளிநாட்டில் இருக்கிற ஆக்கள் ஏதாவது எழுதி அனுப்புங்கோ என்று சாமி கேட்டிருந்தார். மற்றவை வீடு வாங்கினதை எழுதுவினம், பிள்ளையள் படிச்சதை எழுதுவினம். எழுதட்டும். நான் ஏழாம் வகுப்பு. அதுக்குப் பிறகு கடல். எனக்கு எழுத இருப்பது ஒரு மனிசனைப் பற்றியும் ஒரு சொல்லைப் பற்றியும்தான். அந்த மனிசனுக்கு நான் செய்த பிழையை இங்கே ஒரு தமிழ்ச் சனத்துக்கும் சொல்லவில்லை. உங்களுக்குச் சொல்லுகிறேன். மலருக்குச் சரிவராது என்றால் விடுங்கோ.

2

ஹைடெல்பேர்க் பக்கம், நெக்கார் ஆற்றங்கரையில் ஒரு ரக்பி கழகம். பெயர் வேண்டாம். அங்கே நான் பிளாட்ஸ்வார்ட். மைதானத்தைப் பார்க்கிற ஆள். புல்லு வெட்டுவேன். ஜேர்சி தோய்ப்பேன். தண்ணீர் சூடாக வருதோ என்று பார்ப்பேன். சனிக்கிழமை விளையாட்டு என்றால் வெள்ளிக்கிழமை கோடு போடுவேன்.

கோடு போடுவது லேசான வேலை இல்லை. இரண்டு முளை அடித்து, நடுவில் கயிறு இழுத்துக் கட்டி, அதன் மேலால் சாய வண்டியைத் தள்ளவேண்டும். கயிறு தொய்ந்தால் கோடு வளையும். நான் வலைக்கயிறு பிடித்த கை. என் கோடு வளையாது.

ரக்பி உங்களுக்குத் தெரியாது. இங்கே உள்ளவைக்கும் தெரியாது. ஜேர்மனியில் எல்லாரும் உதைபந்து. இந்த ஒரு மூலையில்தான் இதையும் விளையாடுகிறார்கள். பந்து முட்டை மாதிரி. கையால் எறியலாம், ஆனால் முன்னுக்கு எறியக்கூடாது. பின்னுக்கு நிற்கிறவனுக்குத்தான் குடுக்கலாம். குடுத்துவிட்டு முன்னுக்குப் போய் அடி வாங்கவேண்டும். முதல் நாள் பார்த்தபோது, இதை ஆர் கண்டுபிடித்தான், அவனும் வெளிநாட்டுக்குப் போனவனோ என்று நினைத்தேன்.

எட்டுப் பேர் ஒரு பக்கம், எட்டுப் பேர் மறுபக்கம், தலையைக் கோர்த்துக்கொண்டு தள்ளுவார்கள். முதல் வரிசையில் நிற்கிறவனுக்குக் கழுத்தும் தலையும்தான் ஆயுதம். தோமாசி முதல் வரிசை.

3

அவன் பிஜித் தீவுக்காரன். முப்பத்தஞ்சு வயதில் வந்தான். விளையாடவும், இளம் ஆக்களுக்குச் சொல்லிக் குடுக்கவும் கழகம் கூப்பிட்டது. ஒரு பெரிய பை. அதில் விமான நிலையத்து ஒட்டுத்தாள் ஒன்றின் மேல் ஒன்று. கிழிக்கவில்லை.

கழகத்துக்கு மேலே இருந்த அறையைக் குடுத்தார்கள். கீழே ஜேர்சி காயப்போடுகிற அறை என்னுடையது. குளிருக்கு அங்கே வந்து இருப்பான். சூடு அங்கேதான்.

முதல் நாளே என்னை "அண்ணே" என்றான். எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. அவன்ர ஊரில் கரும்புக்கென்று அந்தக் காலம் கொண்டுபோன தமிழாக்கள் இருக்கினமாம். பக்கத்து வளவு. அவனுக்கு மூன்று தமிழ்ச் சொல் தெரியும். அண்ணே, ரசம், அரோகரா.

"நான் வேதக்காரன்," என்றேன்.

"நானும்தான். ஆனால் தேர் இழுக்கேக்க எங்களைத்தான் கூப்பிடுவினம். பாரம் தூக்கிறதுக்கு என்ன சமயம்?"

நாங்கள் கதைத்தது இங்கிலீஷ். எனக்கு இருநூறு சொல். அவனுக்கு நிறைய. அவன் சொன்னதை நான் தமிழில் எழுதுகிறேன். டொச், அதுதான் ஜேர்மன் பாஷை, அவனுக்கு இருபது சொல் வராது. தோமாசி என்றால் தோமையார்தான் என்று சொன்னேன். எங்கட ஊரில் பெரிய பேர் என்றேன். ஜூலை மூன்றை அவன் காலண்டரில் வட்டம் போட்டு வைத்தான்.

"எத்தனை நாட்டில விளையாடினனீ?" என்று கேட்டேன்.

விரல் மடக்கினான். இரண்டு விரல் மடங்காது. "பிஜி. நியூசிலாந்து. ஜப்பான். வேல்ஸ். பிரான்ஸ். ருமேனியா. இது ஏழு. இத்தாலி அரை."

"அரை எப்பிடி?"

"போய் இறங்கினன். கழகத்தை மூடிப்போட்டினம்."

எல்லாம் கொஞ்சம் கொஞ்சமாகச் சொன்னான். பத்தொன்பது வயதில் நியூசிலாந்துக்குப் போனது. அங்கே பகல் இறைச்சித் தொழிற்சாலை, பின்னேரம் விளையாட்டு. பிறகுதான் விளையாட்டே தொழில் என்று வந்ததாம். ஜப்பானில் ஒரு கொம்பனிக்கு விளையாடினான். அவன்ர பெயர் போட்ட மேசை ஒன்றும் இருந்தது. வேலை ஒன்றும் இல்லை. மேசையில் இருந்து கடதாசியில் கப்பல் மடித்தானாம், மூன்று வருசம். வேல்ஸில் ஐந்து வருசம். அதுதான் நல்ல காலம். மழைக்குள் சனம் நின்று பாடுமாம். பிஜி நாட்டுக்காக நாலு தரம் விளையாடினான். அந்தப் படம் ஒன்று பைக்குள் இருந்தது. பிரான்சில் இரண்டு வருசம் என்று கூப்பிட்டு ஒரு வருசத்தில் போ என்றார்கள். ருமேனியாவில் ஒரு மாரி.

தோள் ஜப்பானில் போனது. முழங்கால் வேல்ஸில். மூக்கு பிரான்சில். "இதுக்கு ஒரு நாட்டிலயும் சுங்கவரி கேக்கேல்லை," என்றான்.

மனிசியும் இரண்டு பெட்டையளும் ஊரில். வருசத்துக்கு ஆறு கிழமை போவான். சின்னவள் முதல் நாலு நாளும் "மாமா" என்றுதான் கூப்பிடுவாளாம். பழகி "அப்பா" என்று வரும்போது திரும்ப வேணும்.

ஆறு பாஷையில் அவனுக்கு மூன்று சொல் தெரியும். தள்ளு. நோகுதோ. இல்லை.

4

என் மகள் டிலானிக்கு அப்போது பதினாறு. இங்கே பிறந்தவள். எங்கட வீட்டுக்கு வருகிற டொச் கடிதம், பிறீவ் எல்லாம் அவள்தான் வாசிப்பாள். எட்டு வயதில் துவங்கினது. என் மனிசியின் டொக்டரிடம் அவள்தான் கதைப்பாள். வீட்டுக்காரனிடம் அவள்தான். தன் பள்ளிக்கூட வாத்தியார் தன்னைப் பற்றி எங்களிடம் சொல்லுகிற குறையையும் அவள்தான் மொழிபெயர்த்தாள். அதில் என்ன விட்டாள் என்று கடவுளுக்குத்தான் தெரியும்.

ஒருநாள் சாப்பாட்டு மேசையில் பிறீவை என் பக்கம் தள்ளிவிட்டாள். "நான் உங்கட டோல்மெச்சர் இல்லை அப்பா. நான் உங்கட பிள்ளை."

அதுக்குப் பிறகு நான் கேட்கவில்லை. இருபது வருசம் இங்கே இருக்கிறேன், நானே பார்க்கிறேன் என்று விட்டேன்.

டோல்மெச்சர் என்றால் இரண்டு பேருக்கு நடுவில் நின்று மொழி மாற்றுகிற ஆள். அந்த வேலை எனக்குச் செய்ததை இதில் சொல்லவேண்டும். அகதி என்று வந்து முகாமில் விசாரணை நடந்தது. டொச் அதிகாரி ஒருத்தர். நடுவில் இந்தியாவில் இருந்து படிக்க வந்த தமிழ்ப் பிள்ளை ஒன்று. மண்ணிறக் கம்பளிச் சட்டை. நல்ல பிள்ளை. தேத்தண்ணி எடுத்துத் தந்தது. ஏன் ஓடி வந்தாய் என்று கேட்டார்கள். ஆமிக்கும் பயம், பொடியளுக்கும் பயம், வள்ளத்தை இரண்டு பகுதியும் கேட்டது என்றேன். பொடியள் என்றால் ஊரில் இயக்கக்காரர் என்று உங்களுக்குத் தெரியும். அந்தப் பிள்ளைக்குத் தெரியவில்லை. சின்னப் பையன்கள் என்று சொல்லிவிட்டது.

அதிகாரி ஏதோ கேட்டார். பிள்ளை என்னிடம், "அவங்களுக்கு எத்தனை வயசுங்க?" என்று கேட்டது.

"பதினாறு, பதினேழு இருக்கும்," என்றேன். உண்மையும் அதுதான்.

அதிகாரி சிரித்தார். பேனையை மூடினார்.

நிராகரிப்பு வந்தது. ஒன்பது வருசம் ஆறு மாதத்துக்கு ஒருக்கால் முத்திரை குத்தின கடதாசியோடு திரிந்தேன். அந்தப் பிள்ளையை ஒன்பது வருசமும் திட்டினேன். பிறகும் திட்டினேன். (சாமி, இந்தப் பந்தி அங்கே போட ஏலாது என்றால் வெட்டுங்கோ.)

5

இரண்டாவது வருசம் நவம்பர். நல்ல சேறு. தள்ளுப்பாட்டில் ஒருவனின் முழங்கால் தோமாசியின் காதுக்கு மேலே பட்டது. விழுந்தான். எழும்பினான். மற்றப் பகுதிக்காரருடன் போய் வரிசையில் நின்றான். சனம் பகிடி என்று சிரித்தது.

நான் தண்ணீர் கொண்டு ஓடினேன். குனிந்து என் காதுக்குள் கேட்டான். "அண்ணே, இது எந்த நாடு?"

"டொச்லாந்து," என்றேன்.

"ஓ," என்றான். போய்த் தள்ளினான்.

அடுத்த கிழமையும் விளையாடினான். அதுக்கு அடுத்த கிழமையும். வியாழக்கிழமையில் நான் காயப்போடுகிற அறையில் சுவரைப் பிடித்துக்கொண்டு நிற்பான். தலை சுத்துது என்றான். படியில் இறங்கினால் நிலம் மேலே வருது என்றான். ஒருத்தருக்கும் சொல்லாதே என்றான். மே மாதத்தோடு கொன்ட்ராக்ட் முடிகிறது. இன்னும் ஒரு வருசம் நீட்டுவார்கள் என்று பார்த்துக்கொண்டிருந்தான். கொன்ட்ராக்ட் இருந்தால்தான் விசா.

ஒரு வெள்ளிக்கிழமை நான் கோடு போட்டுக்கொண்டு நிற்க வந்தான்.

"அண்ணே, கோடு வளைஞ்சு போச்சு."

"என்ர கோடு வளையாது."

"வளைஞ்சுதான் கிடக்கு. பார்."

நான் முளை அடித்து, கயிறு இழுத்துக் காட்டினேன். கயிறும் கோடும் ஒன்று. அவன் குந்தி இருந்து கன நேரம் பார்த்தான். பிறகு, "கயிறும் வளைஞ்சு போச்சு," என்றான்.

எனக்கு அன்றைக்கு விளங்கிவிட்டது. ஆனாலும் வாய் திறக்கவில்லை. சொல்லாதே என்று கேட்டான். நானும் விசாவுக்குப் பயந்து திரிந்தவன்தானே. நாளைக்குச் சொல்லுவம் என்று விட்டேன்.

6

பெப்ரவரியில் கழகத்துப் படியில் விழுந்தான். ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார்கள். அங்கே இருந்து விபத்துக் காப்புறுதிக்கு அறிவித்தார்கள். அவர்கள் கார்ல்ஸ்ரூஹேயில் ஒரு டொக்டரைப் பார்க்க நாள், டெர்மின், போட்டார்கள். விளையாட்டில் பட்ட அடிதான் என்று அந்த டொக்டர் எழுதினால் வைத்தியம் நடக்கும். விளையாடாமல் இருக்கலாம். வைத்தியம் முடியும்வரை இங்கே இருக்க விடுவார்கள். இல்லையென்றால் ஒன்றும் இல்லை.

கழகத்துச் செயலாளர் என்னைக் கூப்பிட்டார். "உனக்கு இங்கிலீஷ் தெரியும். அவனோட போ."

டோல்மெச்சர் வேலைக்கு நான் வாழ்க்கையில் போகமாட்டேன் என்று நினைத்திருந்தவன். ஆனால் வேறே ஒரு ஆள் வந்து பிழையாகச் சொன்னால்? எனக்கு நடந்தது அவனுக்கு நடக்கக்கூடாது என்றுதான் போனேன். டிலானியைக் கேட்டிருக்கலாம். கேட்கவில்லை.

டொக்டர் வயதான மனிசன். கிழக்கு ஜேர்மனியில் படித்தவர். பள்ளிக்கூடத்தில் ருஷ்ய மொழிதானாம், இங்கிலீஷ் இல்லை. நல்லவர். எழும்பிக் கை தந்தார்.

என்ன செய்கிறது என்று கேட்டார். தோமாசி சொன்னான். எழும்பினால் சுத்துது. திரும்பினால் சுத்துது. கோடு வளையுது. கன நேரம் சொன்னான். முந்தி ஒரு டொக்டருக்கும் அவன் அவ்வளவு சொல்லியிருக்கமாட்டான்.

என் மனிசிக்குத் தருகிற பிரஷர் குளிசைப் பெட்டிக்குள் ஒரு தாள் இருக்கும். அதில் 'ஷ்விண்டல்' என்று ஒரு சொல். தலைச்சுத்து என்று டிலானி எப்பவோ சொன்னவள். அது எனக்கு ஞாபகம் இருந்தது. தமிழில் சுத்து என்றால் சுத்துது. டொச்சிலும் அந்தச் சொல்லை அப்பிடியே திருப்பினேன்.

"ஏர் ஷ்விண்டெல்ட்," என்றேன்.

டொக்டர் கண்ணாடிக்கு மேலால் பார்த்தார். "ஷ்விண்டெல்ட்?"

"ஓம். கனக்க. ஒவ்வொரு நாளும்."

"எப்ப துவக்கம்?"

"நவம்பர் துவக்கம்."

"கழகத்துக்குத் தெரியுமோ?"

"தெரியாது. எனக்கு மட்டும்தான் தெரியும். ஒருத்தருக்கும் சொல்லாதை எண்டவன்."

"நீங்கள் ஏன் இப்ப சொல்லுறியள்?"

"இனியும் மறைக்கிறது சரியில்லை."

டொக்டர் தலையாட்டினார். "நீங்கள் நேர்மையான ஆள்," என்றார்.

இருபது வருசத்தில் ஒரு டொச்க்காரர் எனக்கு அப்பிடிச் சொன்னது அதுதான் முதல் தரம். எனக்குச் சந்தோசமாக இருந்தது.

பிறகு தோமாசியை எழும்பி நிற்கச் சொன்னார். ஒற்றைக் காலில் நில். கோட்டில் நட. விரலைப் பார். தோமாசி எல்லாம் வடிவாகச் செய்தான். எனக்கே அதிசயம். கோட்டில் நடந்த நடையைப் பார்த்தால் நோய்க்காரன் என்று ஆரும் சொல்லமாட்டார்கள்.

ரயிலில் கேட்டேன், எப்பிடி என்று. சிரித்தான்.

"சுவரில ஒரு ஆணியைப் பிடிக்கோணும் அண்ணே. அதை மட்டும் பாக்கோணும். அடிபட்டு விழுந்தால் கழகத்து டொக்டர் வந்து இதெல்லாம் செய்யச்சொல்லுவார். செய்யாட்டில் வெளிய. வெளிய போனால் உன்ர இடத்தில இன்னொருத்தன். நான் ஆறு நாட்டு டொக்டரை ஏமாத்தினனான்."

"இவரை ஏன் ஏமாத்தினனீ? இவர் உனக்கு உதவி செய்ய எல்லோ வந்தவர்."

தோமாசி சிரிப்பை நிறுத்தினான். ஜன்னலைப் பார்த்தான். உடனே தலையைத் திருப்பிக் கண்ணை மூடினான். ஓடுகிற ரயிலில் வெளியே பார்க்க அவனுக்கு ஏலாது.

"தெரியாது," என்றான். "அவர் நில் எண்டார். நிண்டிட்டன்."

7

பதில் ஏப்ரல் கடைசியில் வந்தது. கழகத்தில் விளையாட்டுக்காரருக்குக் கடிதப் பெட்டி இருக்கு. தோமாசி டொச் கடிதம் உடைக்கமாட்டான். நாலு கிழமை விளம்பரத் தாளுக்குக் கீழே கிடந்திருக்கிறது. நான் துடைக்கும்போது கண்டேன். கழகம் கொன்ட்ராக்டை நீட்டவில்லை என்று அவனுக்குச் சொன்ன கிழமையும் அதுதான்.

பிறீவைக் கொண்டுபோய் டிலானிக்கு முன்னால் வைத்தேன்.

"இது எங்கட இல்லை அப்பா."

"தோமாசியின்ர. ஒருக்கா வாசி பிள்ளை. இந்த ஒருக்கா."

வாசித்தாள். முதல் தாள். இரண்டாவது தாளில் நின்றாள்.

"ஏற்கேலாதாம். விளையாட்டில பட்ட அடியால இல்லையாம்."

"ஏனாம்?"

"சோதினை எல்லாம் சரியாம். அதோட..." விரலை வைத்து மெதுவாகச் சொன்னாள். "கூட வந்த ஆளின்ர சொல்லுப்படி, இவர் நவம்பர் துவக்கம் ஒவ்வொரு நாளும் பொய் சொல்லுறாராம். கழகத்துக்கும் மறைச்சவராம். கூட வந்தது ஆர்?"

"நான்."

"நீங்களோ? என்ன சொன்னனீங்கள்? டொச்சில சொன்னதை அப்பிடியே சொல்லுங்கோ."

சொன்னேன். அவளுக்கு முதலில் சிரிப்பு வந்தது. கையால் வாயை மூடினாள். என் முகத்தைப் பார்த்துவிட்டுக் கையை எடுத்தாள். சிரிப்பு இல்லை.

"அப்பா, ஷ்விண்டல் எண்டால் தலைச்சுத்து. சரி. ஆனா 'ஏர் ஷ்விண்டெல்ட்' எண்டால் தலை சுத்துது இல்லை. அவன் பொய் சொல்லுறான், ஏமாத்துறான் எண்டு. 'ஈம் இஸ்ட் ஷ்விண்ட்லிஷ்' எண்டு சொல்லியிருக்கோணும். அவனுக்குத் தலைச்சுத்தா இருக்கு எண்டு."

நான் கதிரையில் இருந்தேன். டொக்டர் கேட்டது ஒவ்வொன்றும் திரும்ப வந்தது. கழகத்துக்குத் தெரியுமோ. ஏன் இப்ப சொல்லுறியள். நேர்மையான ஆள்.

மண்ணிறக் கம்பளிச் சட்டைப் பிள்ளையை நினைத்தேன். அதுவும் அன்றைக்கு நல்லது செய்தேன் என்றுதான் வீட்டுக்குப் போயிருக்கும்.

மனிசி குசினிக்குள் இருந்து, "ஏன் பிள்ளையைக் கேக்காமல் போனனீங்கள்?" என்றா. டிலானி என்னைப் பார்க்கவில்லை. பிறீவையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"மறுப்பு எழுத ஒரு மாதம் குடுத்திருக்கினம்," என்றாள். "இன்னும் ரெண்டு நாள் கிடக்கு. கடதாசி எடுங்கோ."

அவள் எழுதினாள். என் அப்பாவுக்கு டொச் சரியாகத் தெரியாது, அவர் இப்படித்தான் சொல்ல நினைத்தார் என்று எழுதினாள். நான் கீழே கையெழுத்து வைத்தேன். எனக்குத் தெரியாது என்று கையெழுத்து வைப்பது கரைச்சல் இல்லை. என் பிள்ளை அதை எழுதினதுதான் கரைச்சல்.

8

தோமாசிக்கு நானே சொன்னேன். காயப்போடுகிற அறையில். சொல்லி முடிக்க எனக்கு இருநூறு சொல்லும் போதவில்லை.

அவன் தலையைச் சுவரில் சாய்த்துக்கொண்டு கேட்டான். கடைசியில் சிரித்தான். "அந்த டொக்டர் பிழையா எழுதேல்லை அண்ணே. நான் பதினைஞ்சு வருசமா அதுதானே செய்தனான்."

அடித்திருந்தால் நல்லாயிருந்திருக்கும்.

பதில் வந்தது. திரும்பப் பார்க்கலாமாம். டெர்மின் செப்டெம்பரில். தோமாசியின் விசா ஜூன் கடைசியோடு சரி. வெளிநாட்டார் கந்தோருக்கு டிலானியையும் கூட்டிக்கொண்டு போனோம். அங்கே இருந்த பெண் மரியாதையாகத்தான் சொன்னா. வேலை இல்லை, விசா இல்லை. ஊருக்குப் போய் இருந்து, செப்டெம்பருக்கு விசிட் விசாவில் வரலாம். சின்ன நாள் நீட்டித் தரலாம், ஜூலை முதல் கிழமைவரை. அவ்வளவுதான்.

அந்தக் கிழமை அவனுக்குப் போர்த்துக்கல்லில் இருந்து ஒரு ஏஜென்ட் போன் எடுத்தான். ஒரு கழகத்துக்கு முதல் வரிசைக்கு ஆள் வேணும். ஒரு வருசம்.

"போகாதை," என்றேன். "தலைக்கு என்ன செய்யப்போறாய்?"

"அங்க தலையைப் பற்றிக் கேக்கேல்லை அண்ணே. எத்தனை கிலோ எண்டுதான் கேட்டவங்கள்."

டிலானி அவனுக்கு இங்கிலீஷில் சொன்னாள். பள்ளிக்கூடத்து நல்ல இங்கிலீஷ். என்ர அறையில இருங்கோ, நான் அம்மாவோட படுப்பன், செப்டெம்பர்வரை இருந்தால் காணும் என்றாள். அவள் ஒரு ஆளுக்கு அப்பிடிச் சொன்னதை நான் அதுக்கு முதலும் காணவில்லை, பிறகும் காணவில்லை.

தோமாசி என்னைப் பார்த்தான். இரு என்று நானும் சொல்லவேணும் என்று பார்த்தான். சரியான கடதாசி இல்லாமல் இருந்தால் என்ன என்று எனக்குத் தெரியும். ரயிலில் பொலிஸைக் கண்டால் இறங்கவேண்டும். கதவு மணி அடித்தால் மூச்சு விடக்கூடாது. ஒன்பது வருசம். அதுக்குள் வா என்று ஒரு மனிசனைக் கூப்பிட எனக்கு வாய் வரவில்லை.

வரவில்லை என்று எழுதுகிறேன். அன்றைக்கு வந்திருக்கவேண்டும்.

ஜூலை மூன்று, பிராங்பேர்ட் விமான நிலையம். போர்த்துக்கல்லுக்குப் பயணம். நானும் டிலானியும் போனோம். அதே பை. அவன் காலண்டரைக் காட்டி, "தோமையார் நாள் அண்ணே, நல்ல நாள்," என்றான். வரிசையில் நின்றவன் திரும்பி வந்து என் தோளில் கையைப் போட்டான். காதுக்குள் கேட்டான்.

"அண்ணே, இது எந்த நாடு?"

சிரித்துக்கொண்டுதான் கேட்டான். பகிடிக்குக் கேட்டானோ, தெரியாமல் கேட்டானோ, இன்றைக்கும் எனக்குத் தெரியாது.

"டொச்லாந்து," என்றேன்.

"ஓ," என்றான்.

9

செப்டெம்பர் டெர்மினுக்கு நானும் டிலானியும் போனோம். ஆள் வராமல் என்னத்துக்கு என்று மனிசி கேட்டா. போகத்தான் வேணும் என்று டிலானி சொன்னாள். அதே டொக்டர். நான் வழி முழுக்கப் பாடமாக்கின வசனத்தை நின்றுகொண்டு சொன்னேன். "ஈம் இஸ்ட் ஷ்விண்ட்லிஷ்." டொக்டர் பழைய கோவையை எடுத்து விரித்தார். பிறகு எழுதினார். எழுதினதை டிலானி வாசித்துப் பார்த்தாள். இப்போது கடதாசியில் சரியாக இருக்கிறது.

ஆனால் ஆளைப் பார்க்காமல் முடிவு சொல்ல ஏலாது. ஊரில் இருந்து வர என்றால் விசா வேணும். போர்த்துக்கல்லில் இருந்து வந்திருக்கலாம். கழகம் விடவில்லை, அந்தக் கிழமை விளையாட்டு இருந்தது.

அங்கே பதினோரு விளையாட்டு விளையாடினான். பன்னிரண்டாவதில் விழுந்தவன் தானாக எழும்பவில்லை. இரண்டு மாதம் ஆஸ்பத்திரி. பிறகு அவன்ர மனிசி வந்து ஊருக்குக் கூட்டிக்கொண்டு போனா.

டிலானி இப்போது டார்ம்ஸ்டாட்டில். அங்கே ஆஸ்பத்திரியில் அவுஸ்பில்டுங் செய்கிறாள், நேர்ஸ் வேலைக்குப் பழகுகிற படிப்பு. வீட்டுக்கு வருவது குறைவு. தமிழாக்கள் டொக்டரிடம் கதைக்க வா என்று கேட்டால் போகமாட்டாளாம். ஒரு சொல்லுக்குப் பயம் என்கிறாள். அது என்னிடம் இருந்து போனது.

ஒவ்வொரு ஜூலை மூன்றும் தோமாசிக்குப் போன் எடுப்பேன். இன்றைக்கும் எடுத்தேன். மனிசிதான் எடுத்தா. சுவரைப் பிடித்துக்கொண்டு நடக்கிறானாம். பெட்டையள் இரண்டும் வளர்ந்துவிட்டினமாம். சின்னவளை ஆர் என்று சில நாளைக்கு அவன் கேட்பானாம்.

போனை அவன் காதில் வைத்தா. மூச்சுக் கேட்டது.

"தோமாசி, அண்ணே கதைக்கிறன். தோமையார் நாள்."

பிறகு, "அண்ணே," என்றான். "கோடு போட்டாச்சோ?"

"போட்டாச்சு."

"வளைஞ்சோ கிடக்கு?"

"ஓம்," என்றேன். "வளைஞ்சுதான் கிடக்கு. நீ சொன்னது சரி. நான்தான் வடிவாப் பாக்கேல்லை."

சிரித்தான். பழைய சிரிப்பு. மனிசி போனை வாங்கி வைத்துவிட்டா.

காலமை இரண்டு முளை அடித்து, கயிறு இழுத்துக் கட்டித்தான் போட்டேன். கோடு நேராகத்தான் கிடக்கிறது.